வேலை போனவருக்கான இ.எஸ்.ஐ. நிவாரணம்: வாங்கிக்கொண்டு நல்ல வேலை தேடுவதா, கிடைத்த வேலையில் உடனே சேர்ந்துவிடுவதா?

கொண்டலாம்பட்டி ஃபிட்டர் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். நான் ஒரு நூற்பாலையில் ரிங் ஃபிரேம் (நூல் நூற்கும் எந்திரம்) ஃபிட்டராக ஒன்பது வருடம் வேலை பார்த்தவன். மாதம் 15,000 ரூபாய் சம்பளம். இ.எஸ்.ஐ., பி.எஃப். இரண்டும் பிடித்தார்கள். நூல் தேங்கிவிட்டது, மின்கட்டணமும் கட்டுப்படியாகவில்லை என்று சொல்லி ஆலையில் ஒரு ஷிப்டையே நிறுத்திவிட்டார்கள். அந்த ஷிப்டில் இருந்த எங்களை அலுவலகத்துக்குக் கூப்பிட்டுக் கணக்கை முடித்துக்கொள்ளச் சொல்கிறார்கள். இன்னும் நான் எந்தத் தாளிலும் கையெழுத்துப் போடவில்லை.

எனக்கு இப்போது இரண்டு வழிகள் தெரிகின்றன. சேலம் லீ பஜாரில் ஒரு மண்டியில் மூட்டை இறக்கும் வேலை, நாளைக்கே சேரலாம். அல்லது ஆத்தூர், பெருந்துறைப் பக்கம் உள்ள ஆலைகளில் ஃபிட்டர் வேலை தேட வேண்டும். அதற்குக் கொஞ்ச நாள் அலைய வேண்டியிருக்கும். அந்த நாட்களுக்கு இ.எஸ்.ஐ.யில் ஒரு நிவாரணம் உண்டு என்கிறார்கள். ஆனால் வாழ்நாளில் ஒரே முறைதான் கிடைக்குமாம். அதை இப்போதே வாங்கிவிடுவது சரியா, பின்னால் இதைவிடப் பெரிய கஷ்டம் வந்தால் வேண்டுமே என்று வைத்துக்கொள்வது சரியா?

என் மச்சான் ஒரே பேச்சாக, உட்கார வைத்துக் கொடுக்கும் காசு ஆளைக் கெடுத்துவிடும், மூட்டையாவது தூக்கு என்கிறார். வீட்டில் குழுக் கடனுக்கு வாரத் தவணை போகிறது. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஐந்து ரோடு கணக்கர் எழுதியது:

தம்பி, முதல் வேலையாக அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று படியுங்கள். "என் சொந்த விருப்பத்தின் பேரில் விலகுகிறேன்" என்ற வரி இருந்தால் கையெழுத்துப் போடாதீர்கள். சிறு நிறுவனங்களுக்கு இ.எஸ்.ஐ., பி.எஃப். கணக்கு எழுதுவதுதான் என் பிழைப்பு. அந்த ஒரு வரியால் எவ்வளவு போகிறது என்பதைத் தொடர்ந்து பார்த்து வருகிறேன்.

நீங்கள் கேள்விப்பட்டது அடல் பீமித் வியக்தி கல்யாண் திட்டம். 2018 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கிறது. குறைந்தது 2 ஆண்டுகள் இ.எஸ்.ஐ. காப்பீட்டில் இருந்திருக்க வேண்டும். வேலை போவதற்கு முந்தைய பங்களிப்புக் காலத்தில் (ஆறு மாதம் ஒரு காலம்) 78 நாட்களுக்காவது பங்களிப்பு இருக்க வேண்டும். அந்த 2 ஆண்டுகளின் மற்ற மூன்று காலங்களில் ஏதாவது ஒன்றிலும் 78 நாட்கள் இருக்க வேண்டும். ஒழுங்கு நடவடிக்கையில் நீக்கப்பட்டவர், ஓய்வு வயதை அடைந்தவர், விருப்ப ஓய்வில் போனவர் ஆகியோருக்குக் கிடையாது.

தொகை எவ்வளவு என்று பார்ப்போம். கடைசி நான்கு பங்களிப்புக் காலங்களில், அதாவது 2 ஆண்டுகளில் வாங்கிய மொத்தச் சம்பளத்தை 730ஆல் வகுத்து ஒரு நாள் சராசரி எடுப்பார்கள். உங்களுக்கு 3,60,000 ரூபாய் என்றால் ஒரு நாளைக்கு 493 ரூபாய். திட்டம் தொடங்கியபோது இதில் 25 சதவீதம் கொடுத்தார்கள். கோவிட் காலத்தில், 2020 மார்ச் 24 முதல் வேலை இழந்தவர்களுக்கு 50 சதவீதமாக உயர்த்தினார்கள். அந்த உயர்வைக் காலவரையறையோடு நீட்டித்து நீட்டித்துத்தான் கொடுக்கிறார்கள். அதனால் விண்ணப்பிக்கும் நாளில் எது நடப்பில் இருக்கிறது என்று கிளை அலுவலகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள். 50 சதவீதம் என்றால் 90 நாட்களுக்கு ஏறத்தாழ 22,000 ரூபாய், 25 என்றால் 11,000 ரூபாய். 90 நாட்கள் முடிவதற்குள் வேறு வேலை கிடைத்துவிட்டால், சேர்ந்த நாள் வரைக்கும்தான்.

ஆனால் நீங்கள் கேட்க வேண்டியது வேறொரு திட்டம். 2005 ஏப்ரல் 1 முதல் ராஜீவ் காந்தி ஷ்ராமிக் கல்யாண் திட்டம் என்று ஒன்று இருக்கிறது. ஆலை மூடப்பட்டோ ஆட்குறைப்பாலோ வேலை போனவருக்கு முதல் 12 மாதம் சம்பளத்தில் 50 சதவீதம், அடுத்த 12 மாதம் 25 சதவீதம். உங்கள் சம்பளத்துக்கு மாதம் 7,500 ரூபாய் வீதம் ஓராண்டு, பிறகு 3,750 ரூபாய் வீதம் ஓராண்டு என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள். குடும்பத்துக்கு இ.எஸ்.ஐ. மருத்துவமும் தொடரும். ஒன்பது வருடப் பங்களிப்பு உள்ள உங்களுக்குக் காலம் ஒரு தடையே இல்லை. உங்களை நீக்கியது ஆட்குறைப்பு என்று தாளில் இருக்கிறதா என்பதுதான் கேள்வி. சொந்த விருப்பம் என்று எழுதிக் கொடுத்துவிட்டால் இந்தக் கதவு அடைபட்டுவிடும்.

அதோடு போவதில்லை. ஆட்குறைப்பு என்றால் ஒரு மாத முன்னறிவிப்பு அல்லது அதற்கான சம்பளம், முடித்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 15 நாள் சராசரிச் சம்பளம் தர வேண்டும். அரை மாதக் கணக்கில் எடுத்தாலே உங்களுக்கு 67,500 ரூபாய். பணிக்கொடை இதில் சேராது, அது தனி. ஆலை பிறகு ஆள் எடுக்கும்போது ஆட்குறைப்பில் போனவரை முதலில் அழைக்க வேண்டும் என்பதும் 1947 தொழில் தகராறு சட்டத்திலிருந்தே இருந்துவரும் விதி. விலகல் கடிதம் கொடுத்தவர் இந்த எல்லா உரிமையையும் ஒரே கையெழுத்தில் விட்டுவிடுகிறார்.

அம்மாப்பேட்டை தறி எழுதியது:

கணக்கர் ஐயா சொன்ன சட்டம் எல்லாம் சரி. தம்பியின் மச்சான் சொன்னதிலும் நியாயம் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். நான் தறிப்பட்டறை வைத்திருக்கிறேன், ஆள் வைத்து வேலை வாங்குகிறவன்.

வேலையை விட்டவர் பி.எஃப். பணத்தை எடுத்துவிட்டால், அது தீரும்வரை கூப்பிட்டாலும் வருவதில்லை. வருகிறவரும், "பெயரை எழுதாதீர்கள், இ.எஸ்.ஐ. பிடிக்காதீர்கள், கையில் கூலியைக் கொடுங்கள்" என்கிறார். நிவாரணம் வாங்கிக்கொண்டே பெயரில்லாமல் உழைப்பது நம் ஊரில் எல்லோருக்கும் தெரிந்த சங்கதி. இன்னொன்றையும் அக்கறையோடுதான் சொல்கிறேன். நீண்ட நாள் சும்மா இருந்தவரை எடுக்க எனக்கே தயக்கமாக இருக்கும். கை மறந்திருக்குமோ, உடம்பு வணங்குமோ என்ற யோசனை வருகிறது. ஃபிட்டருக்கு மூட்டை தூக்குவது கௌரவக் குறைவு இல்லை. வேலையில் இருந்துகொண்டே தேடலாமே?

அஸ்தம்பட்டி ஆசிரியை எழுதியது:

நான் கல்லூரியில் பொருளாதாரம் கற்பிக்கிறேன். தறி ஐயா எழுப்பிய கேள்வி பொருளாதாரத்தில் நன்றாக ஆராயப்பட்ட ஒன்று. சற்று நீளமாகவே பதில் எழுதுகிறேன்.

நிவாரணம் வாங்குகிறவர்கள் வேலைக்குத் திரும்பச் சற்று அதிக நாள் எடுத்துக்கொள்கிறார்கள் என்பது உண்மைதான். பல நாடுகளில் இது திரும்பத் திரும்பத் தெரிய வந்திருக்கிறது. அந்த அதிக நாளுக்குச் சோம்பல்தான் காரணமா என்பதில்தான் சிக்கல். இரண்டு காரணங்கள் இருக்கலாம். வேலை கிடைத்தால் நிவாரணம் நின்றுவிடுமே என்று தேடாமல் இருப்பது ஒன்று. கையில் காசு இருப்பதால், வந்த முதல் வேலையைப் பதற்றத்தில் பிடித்துக்கொள்ளாமல் தனக்கு ஏற்றதைத் தேட முடிவது மற்றொன்று. வெளியிலிருந்து பார்க்கிறவருக்கு இரண்டும் ஒன்றுபோலவே தெரியும், இரண்டிலுமே ஆள் வீட்டில்தான் இருக்கிறார்.

இரண்டையும் பிரித்துப் பார்க்க ஒரு நல்ல வழியைக் கண்டுபிடித்தார்கள். ஆஸ்திரியாவில் ஒரே நிறுவனத்தில் 3 ஆண்டுகள் முடித்தவரை நீக்கினால் 2 மாதச் சம்பளத்தை ஒரே தொகையாகக் கொடுக்கும் விதி இருந்தது. மறுநாளே வேலை கிடைத்தாலும் அந்தப் பணத்தை யாரும் திருப்பிக் கேட்பதில்லை. ஆகவே அதை வாங்கியவருக்குச் சும்மா இருப்பதால் எந்த லாபமும் இல்லை. 3 ஆண்டுகளுக்குச் சற்று முன்னால் நீக்கப்பட்டவர்களையும் சற்றுப் பின்னால் நீக்கப்பட்டவர்களையும் டேவிட் கார்டு, ராஜ் செட்டி, ஆண்ட்ரியா வெபர் ஆகிய பொருளாதார அறிஞர்கள் ஒப்பிட்டு 2007ல் வெளியிட்டார்கள். பணம் பெற்றவர்கள் வேலையில் சேரும் வேகம் 8 முதல் 12 சதவீதம் குறைந்திருந்தது. சும்மா இருந்தால் லாபம் என்ற தூண்டுதலே இல்லாத இடத்தில் இந்தத் தாமதம் எங்கிருந்து வந்தது? கையில் காசு இருந்ததால் வந்தது. அமெரிக்கத் தரவுகளை வைத்து 2008ல் செட்டி போட்ட கணக்கில், நிவாரணத்தால் நீளும் தேடல் காலத்தில் ஏறத்தாழ 60 சதவீதம் இந்த மூச்சுவிடும் அவகாசத்தால் வருவது என்று தெரிந்தது. சேமிப்பு இல்லாத குடும்பங்களில்தான் நிவாரணத்தின் விளைவு பெரிதாக இருக்கிறது. கையில் சேமிப்பு உள்ளவர்களிடம் நிவாரணம் கூடினாலும் குறைந்தாலும் பெரிய மாற்றம் இல்லை.

வாரத் தவணை கட்டும் நம் ஃபிட்டர் சகோதரர் முதல் வகைக் குடும்பம். அவருக்கு இந்தப் பணத்தை மறுத்தால் உழைப்பு கூடிவிடாது. கடன்காரர் வாசலில் நிற்பதால் மண்டிக்குப் போவார். அவ்வளவுதான். ஒன்பது வருடம் கற்ற தொழில் வீணாகும். அந்த இழப்பு அவருக்கு மட்டுமா? ஃபிட்டர் தேடும் ஆலைக்கும் அதே இழப்புதான்.

அப்படிப் பொறுத்துத் தேடியதால் நல்ல சம்பளம் கிடைக்கிறதா? இதில் முடிவுகள் ஒத்துப்போகவில்லை. மேலே சொன்ன ஆஸ்திரிய ஆய்வில் புதிய வேலையின் தரம் உயர்ந்ததாகத் தெரியவில்லை. அதே நாட்டில் 40 வயதைத் தாண்டியவர்களுக்கு 9 வாரம் கூடுதலாகக் கொடுத்தபோது புதிய சம்பளம் 0.5 சதவீதம் உயர்ந்ததாகப் பின்னால் வந்த மற்றோர் ஆய்வு கூறியது. ஜெர்மனியிலோ நீண்ட நிவாரணத்துக்குப் பிறகு சம்பளம் சற்றுக் குறைந்தது. ஆகவே காத்திருப்பதே பலன் தரும் என்று நான் சொல்ல மாட்டேன். நீண்ட நாள் சும்மா இருந்தவரை எடுக்கத் தயங்குவேன் என்று தறி ஐயா சொன்னதற்கும் சான்று இருக்கிறது. அமெரிக்காவில் கற்பனை விண்ணப்பங்களை அனுப்பிப் பார்த்தபோது, வேலையின்றி இருந்த மாதங்கள் கூடக் கூட நேர்காணல் அழைப்பு குறைந்தது. அந்தச் சரிவு முதல் 8 மாதங்களில்தான் கடுமையாக இருந்தது.

அம்மாப்பேட்டை தறி எழுதியது:

ஆசிரியை அம்மாவுக்கு நன்றி. ஒரு கேள்வி. நிவாரணம் முடிகிற வாரத்தில் திடீரென்று எல்லோரும் வேலைக்குப் போகிறார்கள் என்று படித்திருக்கிறேன். அப்படியென்றால் அதற்கு முன்பே போயிருக்க முடியும் என்றுதானே பொருள்?

அஸ்தம்பட்டி ஆசிரியை எழுதியது:

அந்த வாரத்தில் பதிவேட்டிலிருந்து பலர் பெயர் நீங்குகிறது. பெயர் நீங்கியவர் எல்லோரும் வேலைக்குப் போனவர் இல்லை. காசு நின்றபின் அந்த அலுவலகத்துக்கு ஏன் போக வேண்டும்? வருவதை நிறுத்திவிடுகிறார்கள். அதே மூவர் இதையும் பிரித்துப் பார்த்தார்கள். பதிவேட்டு விலகலில் இருந்த பெரிய ஏற்றம், உண்மையில் வேலையில் சேர்ந்தவர்களின் கணக்கில் மிகச் சிறிதாகவே இருந்தது.

வேகமாகச் சேர்கிறவருக்குப் பரிசு கொடுத்தும் பார்த்திருக்கிறார்கள். 1984ல் அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில், 11 வாரத்துக்குள் வேலையில் சேர்ந்து 4 மாதம் நிலைத்தால் 500 டாலர் என்றார்கள். நிவாரணம் பெறும் காலம் சராசரியாக ஒரு வாரத்துக்கும் மேல் குறைந்தது. தூண்டுதலுக்கே ஆட்கள் அசைவதில்லை என்று நான் சொல்லவில்லை. அசைகிறார்கள். ஆனால் மனிதரைச் சோம்பேறி என்று முத்திரை குத்தும் அளவுக்கு அது பெரிதில்லை.

சேர்வராயன் காப்பி எழுதியது:

நான் ஏற்காட்டில் ஒரு காப்பித் தோட்டத்தில் மேற்பார்வையாளன். நீங்கள் 25 சதவீதமா 50 சதவீதமா என்று பேசும்போது எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது. எங்கள் தோட்டத்தில் யாருக்கும் இ.எஸ்.ஐ. எண்ணே கிடையாது. தோட்டங்களுக்கு 2025 வரை 1951ஆம் ஆண்டின் தனிச் சட்டம் இருந்தது. அதில் வீடு, மருத்துவம், குழந்தைக் காப்பகம் எல்லாம் எழுதியிருந்தது. வேலை போனால் என்ன என்பது மட்டும் அதில் இருந்ததில்லை.

நவம்பரில் பழம் பறிக்கத் தொடங்கினால் பிப்ரவரி வரை ஆள் போதாது. கொல்லிமலை, அரூர்ப் பக்கமிருந்தெல்லாம் ஆட்கள் வருவார்கள். பிறகு மிளகு, அதற்குப் பின் களையெடுப்பு, நிழல் மரக் கிளை கழிப்பு என்று ஆள் தேவை குறைந்துகொண்டே வரும். நிரந்தரம் இல்லாதவர்களை அப்போது நிறுத்திவிடுவார்கள். வேலை தேடுவது என்று நீங்கள் சாதாரணமாகச் சொல்கிறீர்கள். மேலே இருப்பவருக்குத் தேடுவதே ஒரு செலவு. 20 கொண்டை ஊசி வளைவு இறங்கிச் சேலம் போய், விசாரித்து, திரும்பி ஏறி வந்தால் ஒரு நாள் கூலி போயிற்று, பஸ் காசும் போயிற்று, வழியில் சாப்பாடும். இரண்டு இடம் விசாரித்துக் கிடைக்காவிட்டால் மூன்றாவது முறை இறங்க யாருக்கும் மனம் வராது.

அதைவிடப் பெரிய கட்டு ஒன்று இருக்கிறது. தோட்டம் கொடுக்கும் லைன் வீடு. வேலை இருக்கும்வரைதான் அந்த வீடு. கீழே போய் ஓர் ஆலையில் சேர்ந்து பார்க்கலாம் என்று நினைக்கிற இளைஞன், அது சரிப்படாவிட்டால் திரும்பி வர இடம் இருக்காதே என்று அம்மாவையும் தங்கையையும் நினைத்து நின்றுவிடுகிறான். குறைந்த கூலிக்கு அதே தோட்டத்தில் காத்துக்கிடக்கிறான். இவனைச் சோம்பேறி என்று யாராவது சொல்வார்களா? இவனுக்கு 3 மாதம் சோற்றுக்கு உத்தரவாதம் இருந்தால் கீழே இறங்கித் தேடுவான். அந்த வகையில், நிவாரணம் தேடலைக் குறைக்கிறது என்ற பேச்சு எங்கள் மலையில் தலைகீழ். இங்கே அது இருந்தால்தான் தேடலே தொடங்கும்.

பனங்காட்டுப் பட்டறை எழுதியது:

கொலுசுப் பட்டறைக்காரர்கள் சார்பில் நானும் ஒரு வார்த்தை. வெள்ளி விலை ஏறினால் ஆர்டர் நிற்கிறது, ஆர்டர் நின்றால் பொடி வைத்து ஊதுகிறவர் முதல் மெருகு போடுகிற பெண்கள் வரை அன்றே வேலை இல்லை. நாங்கள் எந்தப் பதிவேட்டிலும் இல்லை. அரசு மாதாமாதம் கொடுக்கும் உதவித்தொகை எங்களுக்குக் கிடைக்குமா?

ஐந்து ரோடு கணக்கர் எழுதியது:

நீங்கள் கேட்பது தமிழக அரசின் வேலையில்லா இளைஞர் உதவித்தொகை. அது வேலையை இழந்தவர்களுக்கானது இல்லை. பதிந்து காத்திருப்பவர்களுக்கானது. கோரிமேட்டு வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்து 5 ஆண்டுகள் ஆகியிருக்க வேண்டும், குடும்ப ஆண்டு வருமானம் 72,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும். பத்தாம் வகுப்பு தேறியவருக்கு மாதம் 300 ரூபாய், பன்னிரண்டாம் வகுப்புக்கு 400, பட்டதாரிக்கு 600, மூன்று ஆண்டுகள் வரை. பட்டறையில் ஆர்டர் நின்ற மாதத்துக்கு அது உதவாது.

ஃபிட்டர் தம்பிக்கு ஒன்று விட்டுப்போயிற்று. வாழ்நாளில் ஒரு முறைதான் என்பதால் சேமித்து வைக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். சேமிப்பது நல்ல யோசனையாக எனக்குப் படவில்லை. அடுத்த முறை வேலை போகும்போது உங்கள் சம்பளம் 21,000 ரூபாயைத் தாண்டி இ.எஸ்.ஐ. வரம்புக்கு வெளியே இருக்கலாம், அல்லது கடைசி வேலையில் 78 நாள் நிரம்பாமல் இருக்கலாம், திட்டமே வேறு வடிவில் இருக்கலாம். தகுதி கையில் இருக்கும்போது பயன்படுத்துவதே நல்லது. ஆனால் ஆட்குறைப்பு என்ற தாள் கிடைத்தால் 24 மாதத் திட்டத்துக்கே போங்கள். இரண்டையும் சேர்த்து வாங்க முடியாது.

கொண்டலாம்பட்டி ஃபிட்டர் எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. தாளைப் படித்துப் பார்த்தேன். சொந்த விருப்பம் என்றுதான் இருக்கிறது. கையெழுத்துப் போடாமல் வந்துவிட்டேன். ஆனால் ஒரு சந்தேகம். இன்றைக்கு விண்ணப்பித்தால் பணம் எப்போது வரும்? தவணை செவ்வாய்க்கிழமை.

ஐந்து ரோடு கணக்கர் எழுதியது:

90 நாள் நிவாரணத்துக்கு, வேலை போய் 30 நாள் கழிந்த பிறகுதான் விண்ணப்பிக்க முடியும். முன்பு இது 90 நாளாக இருந்தது, 2020ல்தான் குறைத்தார்கள். அதே ஆண்டில் முதலாளி வழியாக அனுப்ப வேண்டும் என்ற கட்டாயத்தையும் நீக்கி, தொழிலாளியே இணையத்தில் நேரடியாக அனுப்பலாம் என்றார்கள். அதற்குப் பிறகு சரிபார்ப்பு, பிறகு வங்கிக் கணக்கு. செவ்வாய்க்கிழமைக்கு அது வராது. ஆதார், வங்கிக் கணக்கு, காப்பீட்டு எண் மூன்றிலும் பெயர் ஒரே மாதிரி இருக்கிறதா என்று இப்போதே பாருங்கள். ஓர் எழுத்து மாறியிருந்தால் அங்கேயே நின்றுவிடும்.

அஸ்தம்பட்டி ஆசிரியை எழுதியது:

எனக்குக் கோபம் வரும் இடம் இதுதான். நிவாரணம் ஆளைக் கெடுக்கிறதா என்று விவாதிக்கிறோம். வேலை போன முதல் மாதத்தில்தான் பழைய சக ஊழியர்கள் தொடர்பில் இருக்கிறார்கள், கை பழக்கத்தில் இருக்கிறது, முதலாளிகளுக்கும் தயக்கம் இல்லை. தேடலுக்கு மிகப் பயன்படும் அந்த மாதத்தில் கையில் ஒரு ரூபாயும் கிடையாது. வட்டிக்கு வாங்கிச் சாப்பிட்டு, பிறகு வரும் நிவாரணத்தை அப்படியே வட்டிக்காரரிடம் கொடுக்கிறார்கள். அப்படி வரும் பணம் பழைய கடனை அடைக்கலாம், தேடலுக்கு உதவாது. சம்பளத்தில் 0.75 சதவீதம் தொழிலாளியிடமும் 3.25 சதவீதம் முதலாளியிடமும் மாதம் தவறாமல் பிடிக்க முடிகிறது. வேலை போன பதினைந்து நாளில் முதல் தவணையைக் கொடுக்க ஏன் முடியாது?

வேலையின்மை மனிதரை என்ன செய்யும் என்பதற்கு ஆஸ்திரியாவின் மரியன்தால் சாட்சி. நம்மைப் போலவே நெசவை நம்பிய சிற்றூர். 1930 வாக்கில் ஆலை மூடியதும் ஊரே வேலை இழந்தது. மரி யஹோடாவும் அவருடைய குழுவினரும் அங்கே தங்கி ஆராய்ந்தார்கள். நேரம் கூடியும் நூலகத்தில் எடுக்கும் புத்தகங்கள் குறைந்தன, ஆண்கள் தெருவில் நடக்கும் வேகம்கூடக் குறைந்தது. மிகச் சிறிய உதவித்தொகை, அதுவும் ஒரு காலத்தோடு நின்றுவிடுவது. கையில் பணம் குறையக் குறையத் தேடும் துடிப்பு கூடும் என்பவர்கள் அந்த ஊரைப் பற்றிப் படிக்க வேண்டும். அங்கே நடந்தது நேர்மாறாக இருந்தது.

அம்மாப்பேட்டை தறி எழுதியது:

அம்மா சொன்ன பதினைந்து நாள் யோசனையை நான் ஏற்கிறேன். முதலாளி பங்கு கட்டுகிறவன் என்ற முறையில் கேட்கிறேன், அந்தப் பணம் காலத்தில் போய்ச் சேர்ந்தால் எனக்கும் நல்லது. பெயரில்லாமல் வேலை செய்ய வருகிறவரைப் பற்றிய என் கருத்தை மட்டும் மாற்றிக்கொள்ளவில்லை. பாதி நாள் வேலை கிடைத்தாலும் நிவாரணம் முழுதாக நின்றுவிடும் என்றால் மறைக்கத்தான் செய்வார்கள். பகுதி வேலைக்குப் பகுதி நிவாரணம் என்று வைத்தால் மறைக்க வேண்டியதில்லை.

ஃபிட்டர் தம்பி, மண்டியில் காலை நேரம் மட்டும் இறக்கு வேலை உண்டா என்று விசாரியுங்கள். ஆனால் அதை மறைக்காமல் செய்யுங்கள், அந்த நாட்களை விண்ணப்பத்தில் கழித்துக் காட்டிவிடுங்கள். மதியத்துக்கு மேல் ஆலைகளுக்கு நடங்கள். ரிங் ஃபிரேம் ஃபிட்டருக்குச் சேலத்திலேயே தேவை இருக்கிறது, நூல் வாங்கும் இடங்களில் நானும் சொல்லி வைக்கிறேன்.

கொண்டலாம்பட்டி ஃபிட்டர் எழுதியது:

மிக்க நன்றி ஐயா. மச்சானிடம் இதையெல்லாம் படித்துக் காட்டினேன். தவணையில் இரண்டு வாரத்தை அவரே கட்டுவதாகச் சொல்லியிருக்கிறார். பெருந்துறைக்கு நாளை மறுநாள் போகிறேன்.

இன்னொரு விஷயம். எங்கள் ஷிப்டில் வைண்டிங் பகுதிப் பெண்கள் பலர் ஏற்கெனவே அந்தத் தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டார்கள். தாளைப் படிக்கவே விடவில்லையாம். அவர்களுக்கு ஏதாவது வழி உண்டா?

ஐந்து ரோடு கணக்கர் எழுதியது:

உண்டு, ஆனால் தாமதிக்கக் கூடாது. கையெழுத்துப் போட்டவர்கள் அனைவரும் ஒன்றாகச் சேர்ந்து, ஷிப்டை நிறுத்தியதால்தான் வெளியேற்றப்பட்டோம், எழுதியிருந்ததைப் படிக்க விடவில்லை என்று தேதியோடு எழுதி ஆலைக்குப் பதிவுத் தபாலில் அனுப்பட்டும். அதன் நகலோடு தொழிலாளர் துறையின் சமரச அலுவலரிடம் மனுக் கொடுக்கட்டும். ஒரே நாளில் ஒரே ஷிப்டில் இருந்த அத்தனை பேரும் சொந்த விருப்பத்தில் விலகினார்கள் என்பதை அவரிடம் நிரூபிப்பது ஆலைக்கு எளிதல்ல. சம்பளச் சீட்டு, வருகை அட்டை, ஷிப்ட் நிறுத்தம் பற்றி ஒட்டிய அறிவிப்பின் புகைப்படம் எது இருந்தாலும் எடுத்துவரச் சொல்லுங்கள். மனு எழுத ஆள் இல்லையென்றால் ஞாயிறு காலை ஐந்து ரோட்டுக்கு அனுப்பிவையுங்கள். உட்கார்ந்து எழுதித் தருகிறேன். அதற்குக் கட்டணம் எதுவும் வேண்டாம்.